படத்தின் முதுகு: கொங்கு நாட்டில் ஒரு பழைய புகைப்படத்தோடு

முதல் நாள், கோவை

சேரன் விரைவு ரயில் கோவை நிலையத்துக்குள் நுழைந்தபோது இன்னும் நன்றாக விடியவில்லை. இரவு முழுவதும் நான் சரியாகத் தூங்கவில்லை. மேல் படுக்கையில் என்னோடு ஒரு படமும் படுத்திருந்தது. 12 அங்குல அகலம், 15 அங்குல உயரம். பழைய பருத்திச் சேலை ஒன்றில் சுற்றி, இரண்டு அட்டைகளுக்கு நடுவே வைத்துக் கொண்டுவந்திருந்தேன்.

1958இல் எடுத்த புகைப்படம் அது. தாராபுரத்திலிருந்து படம் பிடிப்பவரைத் தோட்டத்துக்கே வரவழைத்து எடுத்தார்களாம். ஓட்டு வீட்டு வாசலில் அப்பாரு, அதாவது என் அப்பாவின் அப்பா, நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். அப்பத்தா ஓரமாக நிற்கிறார். நடுவில் பிள்ளைகள் மூவர். நடுப்பிள்ளைதான் என் அப்பா. வலதுபுறம் இரண்டு காங்கேயம் காளைகள். அவற்றில் ஒன்று தலையை அசைத்துவிட்டதால் கொம்பு மட்டும் புகைபோல விழுந்திருக்கிறது.

இருபது ஆண்டுகளுக்கு முன்பு, சட்டம் உளுத்துப்போனதென்று வீட்டில் இந்தப் படத்தை ஒரு கடையில் கொடுத்துப் புதுச்சட்டம் போட்டார்கள். கடைக்காரர் படத்தின் பின்பக்கம் முழுவதும் பசை தடவி ஹார்டுபோர்டில் அழுத்தி ஒட்டிவிட்டார். படம் சுருங்காமல் நிற்கும் என்று நல்லெண்ணத்தில்தான் செய்திருப்பார். ஆனால் அந்தப் பின்பக்கத்தில் அப்பாருவின் கையெழுத்து இருந்தது. "ஐயன் என்னவோ எழுதி வைத்திருந்தார்" என்று அப்பா கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார். என்ன எழுதியிருந்தது என்பது அவருக்கே நினைவில்லை. சென்னையில் நான் பார்க்கும் வேலை பழைய காகிதங்களைப் பழுதுபார்ப்பது. ஊரார் காகிதங்களையெல்லாம் பிரித்துச் சேர்க்கிறவள் வீட்டுப் படத்தை அப்படியே விட்டுவைக்க மனம் ஒப்பவில்லை. அதற்காகத்தான் இந்தப் பயணம்.

காலைச் சிற்றுண்டி முடித்ததும் அவிநாசி சாலையில் உள்ள கஸ்தூரி சீனிவாசன் கலைக்கூடத்துக்குப் போனேன். கஸ்தூரி சீனிவாசன், தென்னிந்திய ஜவுளி ஆராய்ச்சிக் கழகமான சிட்ராவின் முதல் இயக்குநர். நூலும் தறியும் அறிந்த ஒருவர் ஓவியத்துக்கு ஒரு கூடம் எழுப்பி, ஜவுளி அருங்காட்சியகத்தையும் அதனோடு சேர்த்து வைத்தது இந்த ஊருக்கு மிகவும் பொருத்தமானது. ஓவியத்தின் கித்தானும் ஒரு நெசவுத் துணிதானே.

ஓவியங்களைப் பார்த்த நேரத்துக்குச் சமமாகச் சட்டங்களையும் பார்த்தேன். சட்டத்துக்கென்று தனி வரலாறு உண்டு. 1877இல் பாரிசில் நடந்த கண்காட்சியில் ஓவியர்கள் பிசாரோவும் டெகாவும் தங்கள் ஓவியங்களை வெள்ளைச் சட்டத்தில் வைத்தார்கள். அன்றைய வழக்கம் தங்க முலாம் பூசிய கனத்த சட்டம். வண்ணத்தின் பளபளப்பைத் தங்கம் தின்றுவிடுகிறது என்பது அவர்கள் கருத்து. பிற்பாடு விற்பனையாளர்கள் அதே ஓவியங்களைத் திரும்பவும் தங்கச் சட்டத்துக்குள்ளேயே தள்ளினார்கள்.

பெரிய காட்சியகங்கள் ஓவியத்தின் முன்பக்கத்தைப் போலவே பின்பக்கத்தையும் படமெடுத்துப் பதிவு செய்து வைத்துக்கொள்கின்றன. எந்தக் கண்காட்சிக்குப் போய்வந்தது, யாரிடமிருந்து யாருக்குக் கைமாறியது என்பதெல்லாம் அங்கே ஒட்டிய சீட்டுகளிலும் முத்திரைகளிலும்தான் இருக்கும். முகம் ஓவியருடையது, முதுகில் இருப்பது அந்தப் படம் வாழ்ந்த வாழ்க்கை. எங்கள் படத்தின் முதுகில் ஹார்டுபோர்டு இருக்கிறது.

இரண்டாம் நாள், டவுன்ஹால் பக்கம்

நண்பர் ஒருவர் வழி சொன்ன சட்டக் கடை, டவுன்ஹால் பக்கத்தில் ஒரு சந்துக்குள் இருக்கிறது. வாசலில் முருகன், ஏசுநாதர், மெக்கா, மாலை போடக் காத்திருக்கும் யாருடைய தாத்தாவோ என்று எல்லோரும் ஒரே சுவரில் சாய்ந்து நிற்கிறார்கள். கடைக்காரருக்கு அறுபது வயதுக்கு மேல் இருக்கும். பதினான்கு வயதில் இந்த வேலைக்கு வந்தவராம்.

"வாருங்கள் அம்மிணி. படத்தை மேசைமேல் வையுங்கள். நீங்களே பிரியுங்கள், நான் கை வைக்கவில்லை" என்றார். அந்த ஒரு சொல்லிலேயே எனக்கு அவர்மேல் நம்பிக்கை வந்துவிட்டது.

படத்தை வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார். கறுத்த பகுதிகளின் ஓரத்தில் நீலம் கலந்த ஒரு மினுமினுப்பு தெரியும். "இது என்ன தெரியுமா? படத்தில் இருக்கிற வெள்ளி மேலே வருகிறது" என்றார். அதுதான் உண்மை. அந்தக் காலத்துக் கறுப்பு வெள்ளைப் படம், ஜெலட்டின் பூச்சுக்குள் உறைந்த நுண்ணிய வெள்ளித் துகள்களால் ஆனது. ஈரமும் கெட்ட காற்றும் பட்டால் வெள்ளி மெல்ல நகர்ந்து மேற்பரப்பில் கண்ணாடிபோலப் படியும். அதே ஜெலட்டின் ஈரப்பதத்தில் இளகினால் சட்டத்துக் கண்ணாடியோடு ஒட்டிக்கொள்ளும். அப்புறம் பிரிக்கவே முடியாது. படத்துக்கும் கண்ணாடிக்கும் நடுவே மவுண்ட் அட்டை வைப்பது அழகுக்கு மட்டும் என்று நினைப்பவர்கள் நிறையப் பேர். இரண்டையும் தொடவிடாமல் விலக்கி வைப்பதுதான் அதன் முதல் வேலை. தஞ்சாவூர் ஓவியத்தில் கல்லும் தங்க ரேக்கும் புடைத்து நிற்பதால் அங்கே இன்னும் அதிக இடைவெளி வேண்டும். அதனால்தான் அதற்கு ஆழமான பெட்டிபோன்ற சட்டம் போடுகிறார்கள்.

ஹார்டுபோர்டைப் பற்றிக் கேட்டேன். பின்பக்கத்தை விரல் முட்டியால் தட்டிப் பார்த்தார். "மைதாப் பசை. மயில்துத்தமும் போட்டிருப்பார்கள். நாங்களும் ஒரு காலத்தில் போட்டவர்கள்தான்" என்றார். மயில்துத்தம் என்ற செம்பு உப்பைக் கலந்தால் பூச்சி அண்டாது என்பது உண்மை. ஆனால் அதில் அமிலம் உண்டு. காகிதம் நாளடைவில் பழுத்து நொறுங்கும். மலிவான மவுண்ட் அட்டையிலும் அமிலம் இருக்கும். படத்தின் ஓரத்தில், அட்டை வெட்டப்பட்ட இடத்துக்கு நேர்கீழே, பழுப்புக் கோடு ஒன்று விழுந்திருந்தால் அது அட்டை போட்ட சூடு.

"படத்தைப் பலகையிலிருந்து பிய்க்கக் கூடாது அம்மிணி. பலகையைத்தான் படத்திலிருந்து எடுக்க வேண்டும்" என்றார். நான் படித்தும் பழகியும் கற்றுக்கொண்டதை அவர் கைப்பழக்கத்திலேயே தெரிந்து வைத்திருந்தார். படத்தைக் கவிழ்த்து, அடியில் வழுவழுப்பான காகிதம் விரித்து, நான்கு பக்கமும் அசையாமல் கட்டை வைத்தோம். அவர் அகல உளியால் ஹார்டுபோர்டை ஏடு ஏடாகச் சீவினார். காலை பத்து மணிக்குத் தொடங்கியது. நடுநடுவே வாடிக்கையாளர் வந்தால் அவர் எழுந்து போவார், நான் உளியைப் பிடிப்பேன்.

அப்படி எழுந்துபோன ஒரு நேரத்தில் அவர் கண்ணாடி அறுப்பதைப் பார்த்தேன். உண்மையில் யாரும் கண்ணாடியை அறுப்பதில்லை. வைரம் பதித்த எழுதுகோல் போன்ற கருவியை மண்ணெண்ணெயில் தொட்டு, அளவுகோலை ஒட்டி ஒரே இழுப்பாக ஒரு கோடு போட்டார். பட்டுத்துணி கிழிவதுபோல மெல்லிய ஒலி. பிறகு கோட்டை மேசை விளிம்புக்கு நேராக வைத்து, மறுபுறத்தை உள்ளங்கையால் ஒரு சின்ன அழுத்து. கண்ணாடி கோட்டின் வழியே இரண்டாகியது. "போட்ட கோட்டின்மேல் இன்னொரு முறை இழுத்தால் கண்ணாடி தன் இஷ்டத்துக்கு உடையும்" என்றார்.

சட்டம் வெட்டும் கணக்கையும் சொல்லிக்கொடுத்தார். படத்தின் நீளத்தையும் அகலத்தையும் கூட்டி இரட்டித்து, அதோடு சட்டத்தின் அகலத்தைப்போல எட்டு மடங்கைக் கூட்ட வேண்டும். எங்கள் படத்துக்கு 54 அங்குலம். ஒன்றரை அங்குலச் சட்டமானால் இன்னும் 12. ஆக 66 அங்குலம், ஐந்தரை அடி. அந்த எட்டு மடங்கு, மூலைகளை 45 டிகிரியில் சாய்த்து வெட்டுவதற்கு. நான்கு மூலைக்கு எட்டு வெட்டு. ஒவ்வொரு வெட்டிலும் அரை டிகிரி பிசகினால் கடைசி மூலையில் நான்கு டிகிரி பிளந்து நிற்கும். சட்டக்காரரின் தரத்தை எடைபோட வேண்டுமென்றால் மூலையைப் பார்த்தால் போதும் என்பேன். புட்டி வைத்து மெழுகிய மூலையை வாங்காதீர்கள்.

மாலை ஐந்து மணிக்கு ஹார்டுபோர்டு ஒரு காகிதத்தின் கனத்துக்கு வந்துவிட்டது. அதன்பின் உளி உதவாது. என் கையிலிருந்த மெல்லிய கத்தியால் ஒரு மூலையில், உள்ளங்கை அளவுக்கு மட்டும் நாரை நீக்கினேன். படத்தின் முதுகு தெரிந்தது. அதில் எழுத்து இல்லை. மேகம்போலப் பரவிய ஊதா நிறக் கறைதான் இருந்தது.

எனக்கு உடனே புரிந்துவிட்டது. அப்பாரு காப்பியிங் பென்சிலால் எழுதியிருக்கிறார். கணக்குப் புத்தகங்களில் அழியக் கூடாத இடத்தில் எழுத அந்தக் காலத்தில் பயன்படுத்திய பென்சில் அது. உலர்ந்திருக்கும்வரை சாதாரண எழுத்து. நீர் பட்டதும் உள்ளேயிருக்கும் சாயம் கரைந்து ஊதாவாகும். ஈரப் பசையைத் தடவிய அன்றைக்கே எழுத்து போய்விட்டிருக்கிறது. இருபது ஆண்டுகளாக நாங்கள் பத்திரமாக வைத்திருந்தது வெறும் கறை.

கடைக்காரர் ஒன்றும் பேசவில்லை. உள்ளே போய் இரண்டு டம்ளரில் காபி வாங்கிவரச் சொன்னார். பிறகு, "இந்தப் படத்துக்கு வேறு பிரதி இருக்கிறதா?" என்று கேட்டார்.

இருக்கிறது. காங்கேயத்தைத் தாண்டி ஒரு கிராமத்தில், அப்பாவின் அக்கா வீட்டில்.

மூன்றாம் நாள், காஸ் அருங்காட்சியகம்

அத்தைக்குத் தொலைபேசியில் சொன்னேன். "நாளைக்கு மறுநாள் வா கண்ணு, அன்றைக்குத்தான் மாமா வீட்டில் இருப்பார், ஏணி போட ஆள் வேண்டுமே" என்றார். கையில் இரண்டு நாள் கிடைத்தது. புதுச்சட்டத்துக்குத் தேக்குதான் வேண்டும் என்று நான் கேட்டபோது, மரத்தைப் பற்றித் தெரிந்துகொள்ள காஸ் அருங்காட்சியகத்துக்குப் போகச் சொல்லியிருந்தார் கடைக்காரர்.

வனத்துறை அதிகாரி காஸ் என்பவரின் பெயரைத் தாங்கி 1902 முதல் இருந்துவரும் காட்சியகம் இது. ஓவியம் தேடி வருபவர்கள் இங்கே வர மாட்டார்கள், வர வேண்டும். தேக்கு, ஈட்டி, வேங்கை, கருமருது, வாகை என்று நம் காட்டு மரங்களின் துண்டுகள் வரிசையாக இருக்கின்றன. ஒவ்வொன்றின் ரேகையும் ஒவ்வொரு ஓவியம். தஞ்சாவூர் ஓவியர்களின் பலகையான பலா மரத்தின் மஞ்சளையும், பழைய செட்டிநாட்டுச் சட்டங்களில் பார்த்த தேக்கின் தேன் நிறத்தையும் ஒரே நாளில் பார்த்துவிட்டால் கண்ணுக்குப் புதிய அளவுகோல் கிடைக்கிறது. இப்போது சந்தையை நிறைத்திருக்கும் பைபர் சட்டங்கள் மலிவு, கறையான் ஏறாது, எடையும் குறைவு. இருந்தாலும் ஒரு குடும்பம் மூன்று தலைமுறைக்கு வைத்திருக்க நினைக்கும் படத்துக்கு நான் மரத்தைத்தான் சொல்வேன். மூலை விட்டுப்போனால் மரத்தைத் திரும்பப் பழுதுபார்க்கலாம்.

நான்காம் நாள், டாப்சிலிப்

பொள்ளாச்சியிலிருந்து பஸ். ஆனைமலை, சேத்துமடை, பிறகு சோதனைச் சாவடி, மலைப்பாதை. மலையுச்சியிலிருந்து வெட்டிய மரங்களைச் சரிவில் நழுவவிட்ட இடம் என்பதால் இந்தப் பெயர். 19ஆம் நூற்றாண்டில் பம்பாய் கப்பல் கட்டும் துறைக்கும் பிறகு ரயில் பாதைக்கும் இந்த மலைத் தேக்கு போயிருக்கிறது. மலை மொட்டையானபின் வந்தவர் ஹியூகோ உட் என்ற வன அதிகாரி. நடைபோகும்போது கைத்தடியால் மண்ணில் குழி போட்டு, சட்டைப்பையிலிருந்து ஒரு தேக்கு விதையை எடுத்துப் போட்டு மூடிக்கொண்டே போவார் என்று இங்கே எல்லோரும் சொல்கிறார்கள். 1933இல் குன்னூரில் இறந்தவரை அவர் விரும்பியபடியே இங்கே, தேக்குகளுக்கு நடுவே அடக்கம் செய்தார்கள். கல்லறையில் ஒரு லத்தீன் வரி இருக்கிறது: என் நினைவுச்சின்னத்தைத் தேடுகிறாயா, சுற்றிலும் பார்.

மாசி மாத வெயிலில் தேக்குகள் இலை உதிர்த்து நின்றன. காலடியில் இலைகள் அப்பளம்போல நொறுங்கின. வேறு யாரும் இல்லாத அரைமணி நேரம் அங்கே நின்றேன்.

ஐந்தாம் நாள், காங்கேயத்துக்குத் தெற்கே

காங்கேயம் தாண்டியதும் கிளுவை வேலியும் கொரங்காடு என்ற மேய்ச்சல் நிலமும் தொடங்கிவிடுகின்றன. வேலிக்குள் வெள்வேல மரம், அதன் கீழே கொழுக்கட்டைப் புல், புல்லில் மாடு. எங்கள் படத்தின் பின்புலமும் இதேதான்.

அத்தை வீடு, நடுவில் முற்றம் வைத்த தொட்டிக்கட்டு வீடு. ஆசாரம் என்ற கூடத்தின் சுவரில் உத்தரத்துக்குக் கீழே வரிசையாகப் பதினேழு படங்கள், எண்ணினேன். எல்லாம் தலைகுனிந்து பார்ப்பதுபோல முன்பக்கம் சாய்த்து மாட்டியவை. கீழே பாயில் உட்கார்ந்திருப்பவருக்கு நேராக முகம் தெரியும், முற்றத்து வெளிச்சம் கண்ணாடியில் பட்டுக் கூசாது, சுவரின் ஈரம் படத்தைத் தொடாமல் பின்னால் காற்று போகும். யாரோ நன்றாக யோசித்துத்தான் இந்தப் பழக்கத்தைக் கொண்டுவந்திருக்கிறார்கள். காட்சியகங்களில் இதற்கெல்லாம் கருவி வைத்து அளக்கிறார்கள். நீர்வண்ணத்துக்கும் துணிக்கும் 50 லக்ஸுக்கு மேல் வெளிச்சம் கூடாது என்பது அவர்கள் கணக்கு. லக்ஸ் என்பது வெளிச்சத்தை அளக்கும் அலகு. அத்தை வீட்டு ஆசாரத்தில் அதற்கு மேல் இருக்காது என்றே தோன்றியது.

பூஜை அறையில் ஒரு ரவிவர்மா லட்சுமி. 1894இல் பம்பாயில் அவர் தொடங்கிய அச்சகம்தான் ஓவியத்தை அரண்மனையிலிருந்து இப்படிப்பட்ட வீடுகளுக்குக் கொண்டுவந்தது. பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தால் கல்லச்சுக்கே உரிய புள்ளிகள் முகமெல்லாம் தெரிகின்றன. லட்சுமியின் சேலைக்குமேல் யாரோ உண்மையான சரிகைத் துணியை வெட்டி ஒட்டி, சின்னச் சமிக்கிகளும் தைத்திருக்கிறார்கள். மாமாவின் பாட்டி செய்தது என்றார் அத்தை. இப்படி ஜரிகை வைத்து அலங்கரித்த அச்சுப் படங்களைச் சேகரிப்பாளர்கள் இன்று தேடித் திரிகிறார்கள். அத்தைக்கு அது வெள்ளிக்கிழமை பூப்போடும் சாமி.

வரிசையில் நான்காவது எங்கள் படம். 1958இல் போட்ட அதே சட்டம், அதே கண்ணாடி. கல்யாணச் சீரோடு அத்தை கொண்டுவந்த பிரதி. மாமா ஏணியைச் சாய்த்தார். நான் இரண்டு படி ஏறினேன்.

"கண்ணு, நில்" என்றார் அத்தை.

படத்தின் பின்னாலிருந்து ஒரு சிட்டுக்குருவி விர்ரென்று வெளியேறியது. எட்டிப் பார்த்தேன். சாய்வுக்கும் சுவருக்கும் நடுவில் வைக்கோலும் தென்னை நாரும் கோழி இறகுமாக ஒரு கூடு. உள்ளே நான்கு முட்டைகள், சாம்பல் புள்ளிகளோடு.

"நேற்றுவரை இரண்டுதான் இருந்தது என்று நினைத்தேன்" என்றார் மாமா.

படத்தை அன்று எடுக்க முடியாது என்பதை யாரும் யாரிடமும் சொல்லவில்லை. மாமா ஏணியை மடக்கிக் கொண்டுபோய் வைத்தார். அத்தை தேங்காய்ப்பாலும் சந்தகையும் போட்டார். இரவு ரயிலுக்குத் திரும்பினேன்.

முப்பத்தொரு நாட்களுக்குப் பிறகு

நேற்று காலை அத்தை அழைத்தார். "மூன்று குஞ்சும் போய்விட்டன. ஒரு முட்டை கூமுட்டை. நீ வா."

இன்று படத்தை இறக்கினோம். கூட்டைக் கலைக்காமல் ஒரு முறத்தில் ஏந்திக்கொண்டார் அத்தை. திண்ணையில் பாய் விரித்துப் படத்தைக் கவிழ்த்தேன். துருவேறிய சின்ன ஆணிகளை ஒவ்வொன்றாகப் பிடுங்க ஒரு மணி நேரம் ஆகியது. பலகைக்கு மேலே ஒட்டியிருந்தது பஞ்சு விலை அச்சான பழைய நாளிதழ்த் தாள். தை மாதத் தேதி. பெட்டிப் பலகையை நீக்கினேன். படம் எந்தப் பசையும் இல்லாமல், சட்டத்தின் பள்ளத்தில் சும்மா உட்கார்ந்திருந்தது.

முதுகில் அப்பாருவின் எழுத்து இருந்தது. சாம்பலும் ஊதாவுமான கோடு. ஈரக்கை படாமல் நானும் அத்தையும் கையைத் துடைத்துக்கொண்டு படித்தோம். இடமிருந்து வலமாக எழுதியிருக்கிறார். மூத்த மகள் பெயர், வயது 8. மகன் பெயர், வயது 5. இளையவர் பெயர், வயது 2. தன் பெயர், ஊர்ப்பெயரோடு. காளைகள்: மயிலை, காரி, காரி வாங்கியது கன்னபுரம் சந்தையில். கடைசியில் படத்துக்கும் சட்டத்துக்கும் கொடுத்த தொகை.

அப்பத்தா நிற்கும் இடத்துக்கு நேராக "வீட்டில்" என்று மட்டும் எழுதியிருந்தது.

அத்தை அந்தச் சொல்லை விரலால் தொடாமல் சற்று மேலே வைத்துக் காட்டினார். "ஐயன் அம்மாவைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதே இல்லை" என்றார்.

நான் கொண்டுபோயிருந்த அமிலமில்லாத அட்டையைப் பின்னால் வைத்து, படத்தின் நான்கு மூலையையும் காகித முக்கோணங்களில் செருகினேன். எங்கும் பசை இல்லை. அட்டையின் வெளிப்பக்கத்தில், மென்மையான பென்சிலால், அப்பாருவின் பட்டியலை அப்படியே வரிசை மாறாமல் எழுதினேன். "வீட்டில்" என்ற சொல் வந்தபோது அத்தையைப் பார்த்தேன். அத்தை தன் அம்மாவின் பெயரைச் சொன்னார். எழுத்துக்கூட்டி இரண்டு முறை சொன்னார். எழுதினேன்.

பழைய சட்டத்திலேயே திரும்பப் போட்டோம். மூலைகள் நான்கும் அறுபத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாகியும் மயிரிழை விடவில்லை. மாமா ஏணியில் நின்று மாட்ட, அத்தை கீழேயிருந்து, "இன்னும் கொஞ்சம் முன்னால் சாயட்டும், கூடு வைக்க இடம் வேண்டும்" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.